ஜெர்மனியில் அரைப்பேர்

ஐரோப்பாவில் எரிவாயு என்ன விலைக்குப் போகிறது என்று தினமும் காலையில் எழுந்ததும் பார்க்கிற ஆள், மஸ்கெலியாப் பக்கத்தில் நான் ஒருவன்தான் என்று நினைக்கிறேன். வேறு யாராவது இருந்தால் சொல்லி அனுப்புங்கள், பேச்சுத் துணைக்கு ஆகும். என் வீட்டு அடுப்பில் மாட்டியிருக்கும் சிலிண்டரில் வாயு இருக்கிறதா என்பது எனக்குத் தெரியாது. தேத்தண்ணீர் பாதி சூட்டில் இருக்கும்போது அது அணைந்து போனால்தான் தெரியும். ஆனால் கடலுக்கு அப்பால் நேற்றுப் பின்னேரம் வாயு விலை ஏறியதா இறங்கியதா என்று கேளுங்கள், பல் விளக்குவதற்கு முன்பே சொல்லிவிடுவேன்.

நான் ஒரு தேயிலைத் தோட்டத்தில் ஸ்டோர் கிளாக்கர். உரமூட்டை, களைக்கு அடிப்பது, இலைக் கொப்புள நோய்க்கு அடிப்பது, கவ்வாத்துக் கத்தி, மழைக்குப் போர்த்தும் படங்கு எல்லாம் என் சாவிக்குள் இருக்கின்றன. அரசாங்கம் இரசாயன உரத்தைத் தடை செய்த வருஷத்தில் அந்த ஸ்டோரில் என்னையும் இரண்டு பல்லிகளையும் தவிர வேறொன்றும் இல்லை. பல்லிகள் இடம் மாறிப் போய்விட்டன. எனக்குப் போக இடமில்லாததால் காலி ஸ்டோருக்கு விசுவாசமாகக் காவல் இருந்தேன்.

எனக்கு ஒரே மகள், தோட்டம் முழுக்க அவளுக்கு 'பாப்பா' என்றுதான் பெயர். பேராதனைப் பல்கலைக்கழகத்தில் இரசாயனம் படித்தாள். மேலே படிக்க ஜெர்மனிக்குப் போனாள், அங்கேயே ரைன் நதிக்கரையில் ஒரு பெரிய இரசாயனத் தொழிற்சாலையில் வேலையும் எடுத்துக்கொண்டாள். போய் ஆறு வருஷம். அவள் அம்மா இறந்து ஒன்பது வருஷம். ஆகவே ஸ்டாஃப் குவாட்டர்ஸில் மூன்று அறைகளும் ஒரு குசினியும் நானும் இருக்கிறோம். புத்தகம் படிக்கிறவனுக்குத் தனிமையே கிடையாது என்று நிறையப் புத்தகங்களில் எழுதியிருக்கிறது. அவற்றை எழுதியவர்கள் எல்லாரும் சமையலுக்கு ஆள் வைத்திருந்தவர்கள் என்பது என் ஆராய்ச்சி முடிவு. ஒரு ஆளுக்குச் சோறு ஆக்கிப் பாருங்கள். அரிசி அளக்கிற சுண்டு உங்களைப் பார்த்துச் சிரிக்கும்.

மகள் என்ன வேலை செய்கிறாள் என்பது தோட்டத்தில் யாருக்கும் சரியாக விளங்கியதில்லை. குற்றம் அவர்களுடையது அல்ல. இங்கே புல்லைக் கொல்வதும் மருந்து, பூஞ்சையைக் கொல்வதும் மருந்து, காய்ச்சலுக்கு விழுங்குவதும் மருந்து. அவள் 'மருந்து கம்பெனி'யில் சேர்ந்தாள் என்று நான் சொன்ன வாரமே, முழங்கால் வலிக்கு ஜெர்மனி மாத்திரை கேட்டு நான்கு பேர் ஸ்டோர் வாசலுக்கு வந்தார்கள். அவள் வேலை செய்வது அமோனியா செய்யும் பகுதியில். அதிலிருந்து உரமாகும், நூலாகும், பசையாகும், இன்னும் என்னென்னவோ ஆகும். அவள் அங்கே ஆய்வுகூடத்தில் ஷிஃப்ட் வேலைக்காரி. ஒவ்வொரு தொட்டியிலிருந்தும் கொஞ்சம் எடுத்துச் சோதித்து, சரி அல்லது சரியில்லை என்று எழுதுவாள். இங்கே கொழுந்தில் முற்றலைப் பொறுக்கிப் பார்க்கிறார்களே, அப்படி.

அந்த அமோனியாவுக்கு மூலப்பொருள் எரிவாயு. உலையைச் சூடாக்க விறகும் அதே எரிவாயு. வாயு விலை ஏறினால் இரண்டு பக்கமும் அடி. என் காலைப் பழக்கத்துக்குக் காரணம் அதுதான். முதலில் அவளுக்காகக் கவலைப்பட்டுத்தான் பார்க்க ஆரம்பித்தேன். அப்படித்தான் நானும் நம்பிக்கொண்டிருந்தேன்.

தை மாதம் ஒரு காலையில், பத்து மணி இருக்கும், அழைப்பு வந்தது. அங்கே அப்போது விடிவதற்கு நேரமிருக்கும். ஷிஃப்டுக்கு நடந்து போகிற வழியில் பேசுவாள். கொழுந்து நிறுக்கிற மடுவத்தின் படிக்கட்டில்தான் சிக்னல் ஒழுங்காகக் கிடைக்கும். ஆகவே பத்து மணிக்கு ஸ்டோர் கிளாக்கர் ஸ்டோரில் இருக்க மாட்டார் என்பது தோட்டத்தை நடத்துகிற துரைக்குக்கூடத் தெரிந்த இரகசியம்.

"அப்பா, எங்க பிளாண்டுக்கு குர்ட்ஸ் ஆர்பைட் போட்டுட்டாங்க."

"அது என்ன, சாப்புடுறதா?"

"வெளயாடாதீங்கப்பா. வாரத்துல மூணு நாள்தான் வேல. மிச்ச நாளுக்கு கவர்மெண்டு ஒரு பங்கு சம்பளம் குடுக்கும்."

"ஏன், என்ன ஆச்சு?"

"ஆடர் இல்ல. காரு கம்பெனிக்காரங்க வாங்குறது கொறஞ்சு போச்சு, கட்டட வேலயும் படுத்துருச்சு. சைனாவுல புதுசு புதுசா பிளாண்டு போட்டுக் கொட்டுறாங்க. அமெரிக்காவுல கேஸ் மலிவு. எங்களுது பழைய பிளாண்டு, ஓட்டுனாலும் நட்டம், நிப்பாட்டுனாலும் நட்டம். ஒரேயடியா மூடுறதா வேணாமான்னு யோசிச்சிக்கிட்டிருக்காங்க. மூடிட்டா என் விசாவும் வேலயோட போச்சு. புது வேல தேட கொஞ்ச நாள் குடுப்பாங்க, அவ்வளவுதான்."

குரல் தேய்ந்திருந்தது. நடக்கிறாள், மூச்சு வாங்குகிறது, அவ்வளவுதான் என்று நான் எனக்குச் சொல்லிக்கொண்டேன். ஏதாவது சொல்ல வேண்டும். எனக்கு ஆறுதல் சொல்ல வராது. சொன்னால் இழவு வீட்டில் தப்பான ஆளைக் கட்டிப்பிடித்தது மாதிரி இருக்கும்.

"அட, அவ்வளவுதானா. அப்ப அரைப்பேரு."

அந்தப் பக்கம் நடைச் சத்தம் நின்றது. பிறகு சிரித்தாள். அடக்க முடியாமல், ஜெர்மனி ரோட்டில் தனியாக நின்று சிரித்தாள். "அரைப்பேரு! ஐயோ, அப்பா! எங்க மேனேஜர் அம்பது நிமிசம் படம் போட்டு வெளக்குனாரு. நீங்க ஒரு வார்த்தையில முடிச்சிட்டீங்க."

வெளியே உள்ளவர்களுக்கு இதை விளக்க வேண்டும். தோட்டத்தில் ஒரு நாள் சம்பளத்துக்குப் பெயர் 'பேர்'. காலையில் ஆள் கணக்கெடுக்கிற பெரட்டில் நின்று, மலையில் ஏறி, சொன்ன கிலோ கொழுந்தை எடுத்தால் செக்ரோல் பதிவேட்டில் உங்கள் பேர் விழும். கிலோ குறைந்தால் அரைப்பேர். நாள் முழுக்க நின்றது நீங்கள் முழு ஆளாகத்தான். பதிவில் விழுவது பாதி ஆள். இப்படி ஆளைக் குறுக்கே வெட்டி எழுதுகிற கணக்கு வேறெங்கும் இருப்பதாக நான் படித்ததில்லை. ஜெர்மன்காரர்கள் அதற்கு ஒரு நீளமான சொல் வைத்து, அரசாங்கப் பணமும் கொடுத்து, மரியாதையாகச் செய்கிறார்கள்.

அவள் சிரித்தது எனக்குத் தலைக்கேறிவிட்டது. மகள் போன பிறகு வாரப் பத்திரிகைக்கு நகைச்சுவை என்று நான் எழுதுகிறவற்றைப் படித்து வாசகர்கள் சிரித்ததாக எனக்குத் தகவல் இல்லை. கடிதம் எழுதுகிறவர்கள் பிழைகளைத்தான் சுட்டிக் காட்டுகிறார்கள். ஆகவே அகப்பட்ட ஒரே வெற்றிப் பகடியை நாலு பேரிடம் சொல்ல வேண்டும் என்று ஆசை வந்தது. மடுவத்தில் அப்போது காலைக் கொழுந்து நிறுவை. வரிசையில் முன்னால் நின்ற அம்மா என் வயதுக்காரி, கொழுந்து எடுப்பதில் கெட்டிக்காரி, வாயில் அதைவிடக் கெட்டிக்காரி. அவளிடம் சொன்னேன்.

"பாப்பாவுக்கு ஜெர்மனியில அரைப்பேருதானாம்."

அவள் சிரிக்கவில்லை. சாக்கை இறக்கி வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். "அங்கயுமா?" என்றாள்.

அது பனி விழுகிற மாதம். விடிய விடியப் பனியில் கருகிய மலையில் கொழுந்து இல்லை. அந்த வரிசையில் நின்றவர்களில் பாதிப் பேருக்கு அன்றைக்கு அரைப்பேர்தான். இதை யோசிக்காமல் அந்த இடத்தில் அந்தப் பகடியை விட்டவன் நான். படித்தவன் என்று பெயர்.

ஒரு தோட்டத்தில் செய்தி பரவுகிற வேகத்துக்கு எந்த எரிவாயுக் குழாயும் ஈடாகாது. மறுநாள் மத்தியானத்துக்குள் விஷயம் கடைசி லயத்து வீடு வரை போய்த் திரும்பிவிட்டது. போனபோது 'பாப்பாவுக்கு அரைப்பேர்' என்று போனது. திரும்பும்போது 'கிளாக்கர் மகள் வேலையில் பிந்திவிட்டாள், வெள்ளைக்காரத் துரை பேரை வெட்டிவிட்டான்' என்று வந்தது. எங்கள் ஊரில் அரைப்பேருக்கு ஒரே அர்த்தம்தான். கிலோ காணவில்லை.

பின்னேரம் தலைவர் வந்தார். தோட்டக் கமிட்டித் தலைவர், தொழிற்சங்கத்தில் எங்களுக்காகப் பேசுகிற ஆள். சட்டைப்பையில் இரண்டு பேனை. ஒன்று எழுதும்.

"ஐயா, கேள்விப்பட்டேன். மனசுக்குச் சங்கடமா இருந்துச்சு."

"அப்படி ஒண்ணும் இல்லீங்க தலைவரே."

"மறைக்காதீங்க. நம்ம புள்ள. எத்தன கிலோ கேக்குறானுங்க?"

"அங்க கிலோ கெடையாதுங்க."

"கிலோ இல்லாம எப்புடி அரைப்பேரு போடுவான்? அப்ப அது அநியாயமில்லையா!" அவர் முகம் மலர்ந்தது. அநியாயம் கிடைத்தால் தலைவருக்குத் தெம்பு வந்துவிடும். "அங்க சங்கம் இருக்கா?"

"பெரிய சங்கம் இருக்கு. கம்பெனி நிர்வாகத்துலயே தொழிலாளிகளோட ஆள் உட்கார்ந்திருக்காங்க."

அவர் நாற்காலியின் நுனிக்கு வந்தார். "மேசையிலயா?"

"மேசையிலதான். நாற்காலி போட்டு."

"அப்படியும் அரைப்பேரா," என்று எழுந்தார். படியில் இறங்கும்போது தலையை ஆட்டிக்கொண்டே போனார். அன்றைக்கு அவருடைய தொழிலின் மீதே ஒரு சந்தேகத்தை விதைத்துவிட்டேன் போலிருக்கிறது.

இதை எல்லாம் நான் பகடியாகவே எடுத்துக்கொண்டிருந்தேன். ஏனென்றால் மனசுக்குள் வேறொரு காரியம் நடந்துகொண்டிருந்தது. 'மூடுறதா வேணாமா' என்று மகள் சொன்ன அந்தக் கணத்தில், நெஞ்சுக்குள் ஏதோ ஒன்று துள்ளியது. அது கவலை அல்ல. எனக்குக் கவலையைத் தெரியும், ஒன்பது வருஷப் பழக்கம். இது சந்தோஷம். மூடினால் விசா போகும். விசா போனால் வருவாள். வந்தால் கண்டியிலோ கொழும்பிலோ வேலை பார்த்துக்கொண்டு, லீவுக்கு லீவு பஸ் ஏறி வருவாள். குசினியில் இரண்டு பேருக்கு அரிசி போடலாம்.

அதற்குப் பிறகு நான் வாயு விலையைப் பார்த்தது வேறு கண்ணோடு. ஏறியிருந்தால் தேத்தண்ணீருக்கு இன்னொரு கரண்டி சீனி போட்டேன். ஐரோப்பாவில் குளிர் அதிகம் என்று செய்தி வந்தால், நல்லது, இன்னும் குளிரட்டும் என்றேன். ஆயிரக்கணக்கான பேர் வேலை செய்கிற ஓர் ஊர் முழுசாக முடங்க வேண்டும் என்று ஸ்டாஃப் குவாட்டர்ஸ் குசினியில் ஒரு மனிதன் வேண்டிக்கொண்டிருந்தான். சைனாக்காரனும் அமெரிக்காக்காரனும் தங்கள் தங்கள் வழியில் செய்துகொண்டிருந்த வேலைக்கு நானும் என்னாலான பங்கைச் செய்தேன்.

சனிக்கிழமை மஸ்கெலியா பஸாருக்குப் போய் ஒரு வாளி வெள்ளைப் பெயின்ட் வாங்கினேன். ஹார்ட்வெயார் கடை முதலாளி என் பழைய சிநேகிதர், முஸ்லிம் ஆள், 'நானா' என்றுதான் கூப்பிடுவேன். மகள் போனது முதல், "மகள் சொகமா?" என்று கேட்காமல் ஆணிகூடத் தந்ததில்லை.

"பெயின்ட் யாருக்கு? கல்யாணமா?"

"சும்மாதான் நானா. மகள்ட அறையில ஈரம் ஏறியிருக்கு."

"மகள் வாறாவோ?"

"தெரியாது."

"தெரியாததுக்கு அஞ்சு லீட்டரா?" என்று சிரித்தார். "வெல கூடிட்டு. வெள்ளைக்குப் போடுற பவுடர் சீமையில இருந்து வந்தது முந்தி. அங்க ஒரு இடம் மூடிட்டான் எண்டு ஏஜண்ட் சொல்றான். இப்ப வேற இடத்துச் சாமான். ரெண்டு பூச்சு போடணும், ஒண்டுல மூடாது."

வாளியைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறினேன். அவர் சொன்னது சரிதான், ஒரு பூச்சில் சுவர் மூடவில்லை. ஞாயிற்றுக்கிழமை முழுக்க மகளின் அறையில் ஏணியில் நின்றேன். அவள் பள்ளிக்கூடக் காலத்தில் சுவரில் ஒட்டிய மூலகங்களின் அட்டவணையை முதலில் மெதுவாகக் கழற்றினேன். பாதியில் கிழிந்தது. ஈயத்துக்குக் கீழே உள்ளதெல்லாம் சுவரோடு நின்றுவிட்டது. அவற்றின் மேல் பெயின்ட் அடித்தேன்.

திங்கட்கிழமை மடுவத்தில் கொழுந்தெடுக்கும் அம்மா என்னைப் பிடித்துக்கொண்டாள். லொறி வரப் பிந்தியிருந்தது. எங்கள் தோட்டத்து ஃபேக்டரியை மூடி வருஷக்கணக்காகிறது. கொழுந்து லொறியில் ஏறி அடுத்த தோட்டத்துக்குப் போகிறது. ஃபேக்டரிக் கூரையில் இப்போது புறாக்கள். நிறுத்து அனுப்புவது மட்டும் எங்கள் வேலை.

"கிளாக்கரையா, பாப்பா மேல தப்பு இல்லன்னு நான் லயத்துல சண்ட போட்டேன். ஆனா எனக்கே வெளங்கல. நல்லா வேல செய்ற புள்ளைக்கு எதுக்கு அரைப்பேரு? ஒழுங்கா சொல்லுங்க."

ஐரோப்பிய இரசாயனத் தொழிலின் பொருளாதார நிலைமை பற்றி நான் ஆற்றிய ஒரே சொற்பொழிவு அதுதான். கேட்டவர்கள் ஏழு பெண்களும் ஒரு கங்காணியும். விறகும் கொழுந்தும் ஒரே சாமானாக இருக்கிற ஃபேக்டரி என்றேன். அந்தச் சாமான் முன்பு பக்கத்து நாட்டிலிருந்து குழாய் வழியாக மலிவாக வந்தது, சண்டை வந்தது, குழாய் நின்றது, இப்போது கப்பலில் வருகிறது, கப்பல் கூலியோடு. புகைக்கும் தனியாக வரி கட்ட வேண்டும். வெளியே இருக்கிறவன் புகைக்குக் கட்டாமல் செய்து, குறைந்த விலைக்கு விற்கிறான்.

"அப்ப மலை மேல தப்பு. ஆளு மேல இல்ல," என்றாள்.

"அதேதான்."

"கருகுன மலையில ஏத்திவிட்டு கிலோ கேட்டா எங்கருந்து வரும்? நம்ம கத தானே."

"ஒரு ஃபேக்டரிய மூடுனா அது மட்டும் நிக்காது," என்று நான் உற்சாகமாகத் தொடர்ந்தேன். "ஒண்ணுல மிஞ்சுறது இன்னொண்ணுக்குத் தீனி. வாயு ஒரு பக்கம், சூடு ஒரு பக்கம், எல்லாம் குழாயால கோத்து வச்சிருக்காங்க. ஒண்ண நிப்பாட்டுனா பக்கத்துல இருக்கிறதும் பட்டினி. கம்பெனிக்காரன் இதுக்கு கவ்வாத்துன்னு சொல்றான். வெட்டுனா துளிர்க்குமாம்."

கங்காணி முதல்முறையாக வாயைத் திறந்தார். "வேருல மாவுச்சத்து இல்லாத செடிய கவ்வாத்துப் பண்ணுனா துளிராதுங்க. செத்துப் போகும்."

இதைச் சொல்வதற்கு ஐரோப்பாவில் பெரிய பெரிய ஆலோசகர்களுக்குக் காசு கொடுக்கிறார்கள்.

அந்த அம்மா சாக்கைத் தோளில் போட்டுக்கொண்டு கேட்டாள்: "அது சரி. நீங்க எதுக்கு பாப்பா அறைக்கு வெள்ள அடிச்சீங்க?"

"ஈரம்."

"ஈரம் குசினியிலயுந்தான் இருக்கு. நான் பாத்திருக்கேன்." குரலைத் தாழ்த்தினாள். "புள்ள பொழப்பு போகட்டும்னு பாத்துக்கிட்டிருக்கீங்களாக்கும்."

நான் லொறி வருகிறதா என்று பார்த்தேன். வரவில்லை. வேண்டிய நேரத்தில் லொறி வந்ததே இல்லை.

"ஆசை இருக்கும்தான், இல்லாம இருக்குமா?" என்றாள், இன்னும் தாழ்ந்த குரலில். "என் மகன் கொழும்புல கடையில நிக்கிறான். அந்தக் கடை எரிஞ்சு போகக்கூடாதான்னு நானும் எத்தன நாள் நெனச்சிருக்கேன். ஆனா வாயத் தொறந்து வாடான்னு சொல்லிட்டேன். வரல. சொன்னது சொன்னதுதானே."

அவள் போன பிறகும் படிக்கட்டில் உட்கார்ந்திருந்தேன். ஆறு வருஷத்தில் மகளிடம் 'வா' என்று நான் சொன்னதில்லை. போனபோது 'போயிட்டு வா' என்றேன், அது வழக்கம், அது கணக்கில் வராது. பிறகு எப்போதும் "இங்கே எல்லாம் நல்லா இருக்கு, நீ வேலையைப் பார்" தான். நல்ல அப்பா என்று எனக்கு நானே ஒரு பேர் போட்டுக்கொண்டேன். முழுப்பேர். குசினியில் நின்று அவள் வேலை போக வேண்டும் என்று வேண்டிக்கொண்டதும் அதே நல்ல அப்பாதான்.

புதன்கிழமை பத்து மணிக்கு அவளே அழைத்தாள். வணக்கம் வழக்கம் எதுவும் இல்லை.

"அப்பா, நான் வேலையில பிந்திட்டேன்னு ஊர் பூரா சொல்லியிருக்கீங்களாமே?"

"யாரு சொன்னா?"

"ஹட்டன்ல இருந்து மாமி. அவங்களுக்கு யாரோ பஸ்ஸுல சொல்லியிருக்காங்க. 'ஏம்மா, ஒழுங்கா செய்யக்கூடாதா, அப்பா தல குனிஞ்சு நடக்குறாரு'ன்னு அழுறாங்க. நான் நைட் ஷிஃப்டு எத்தன செஞ்சிருக்கேன்? தீவாளிக்கு, பொங்கலுக்கு, ஒரு நாளாவது லீவு கேட்டிருக்கேனா? எனக்கு அரைப்பேரா? நான் கொறச்சனா?"

"அது பகடிக்கு..."

"உங்களுக்கு எல்லாமே பகடிதான்."

படிக்கட்டில் ஒட்டியிருந்த கொழுந்தை நகத்தால் சுரண்டினேன். சரியான விமர்சனம் வந்தால் எதையாவது சுரண்டுவது என் வழக்கம்.

அவள் மூச்சு கேட்டது. பிறகு குரல் கொஞ்சம் இறங்கியது. "பிளாண்ட மூடுறாங்கப்பா. முடிவாயிருச்சு. ரெண்டு பேப்பர் குடுத்திருக்காங்க. ஒண்ணு, ஒரு தொகை குடுப்பாங்க, வாங்கிட்டு விலகிறது. இன்னொண்ணு, வடக்க கடல் பக்கம் அவங்களுக்கு வேற ஒரு எடம் இருக்கு, அங்க மாத்தம். வெள்ளிக்கிழமைக்குள்ள சொல்லணும்."

"வடக்க என்ன வேல?"

"வெளிநாட்டுல இருந்து அமோனியா கப்பல்ல வந்து எறங்கும். அத சோதிக்கிறது. இனிமே அத இங்க செய்யமாட்டாங்க. வர்றது சரியான்னு பாக்குறது மட்டும்தான்."

மூடிய ஃபேக்டரி, நிறுத்து அனுப்புகிற மடுவம் என்று ஒரு வாக்கியம் நாக்கு நுனிவரை வந்தது. நல்ல வாக்கியம். விழுங்கிவிட்டேன்.

"நீங்க என்ன சொல்றீங்க?" என்றாள்.

இந்த இடத்தில் சொல்ல வேண்டியது எனக்கு மனப்பாடம். வடக்கே போ, கடல்காற்று நல்லது, இங்கே என்ன இருக்கிறது. நாட்டு நிலைமை, சம்பளம், அவளுடைய படிப்பு என்று காரணங்களை அடுக்கினால் ஒரு மூட்டை தேறும். அவை எல்லாம் உண்மையும்கூட. மடுவத்தில் தராசு சும்மா ஆடிக்கொண்டிருந்தது. யாரும் இல்லை.

"பாப்பா," என்றேன். "நான் ஒன் கம்பெனி மூடணும்னு நெனச்சேன்."

அவள் வாயைத் திறப்பதற்குள் மிச்சத்தையும் சொன்னேன்.

"காலையில காலையில கேஸ் வெல பாப்பேன். ஏறுனா சந்தோசமா இருக்கும். ஒன் அறைக்கு வெள்ளையும் அடிச்சிட்டேன். ரெண்டு பூச்சு. வாம்மா. எனக்கு இங்க முடியல."

கடைசி மூன்று சொற்களை நான் சொல்ல நினைக்கவில்லை. அவை தாமாக வந்தன. ஆறு வருஷம் எழுதிப் பழகியவனுக்கு அதில் வெட்ட ஒரு சொல்லும் கிடைக்கவில்லை.

அந்தப் பக்கம் ஒரு வண்டி கடந்து போகிற இரைச்சல். பிறகு மூக்கை உறிஞ்சினாள். குளிராகவும் இருக்கலாம்.

"நான் நேத்தே கையெழுத்துப் போட்டுட்டேன்பா," என்றாள். "வடக்குக்கு."

"அப்ப எதுக்கு எங்கிட்ட கேட்ட?"

"நீங்க ஒருக்காவது வான்னு சொல்லுவீங்களான்னு பாத்தேன்."

எனக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. பொய் சொல்லாமல் சொன்னால், அழுகை வந்தது, அதை இருமலாக மாற்றினேன். அவள் கண்டுபிடித்திருப்பாள். சோதித்துப் பார்த்துச் சரி, சரியில்லை என்று சொல்வதுதானே அவளுக்குச் சம்பளம்.

"கோவமாப்பா?"

"இல்ல."

"அங்க வந்து நான் என்ன செய்ய? சொல்லுங்க."

"ஒண்ணும் செய்ய வேணாம். சும்மா சொன்னேன்."

"சும்மா இல்ல," என்றாள். "சும்மான்னு சொல்லி அத அழிக்காதீங்க."

சரி என்றேன். அழிக்கவில்லை. சித்திரைக்கு மூன்று வாரம் வருவதாகச் சொன்னாள், புது இடத்தில் லீவு கொடுத்தால். கொடுப்பார்கள் என்று நான் சொன்னேன், கொடுக்கிற அதிகாரம் என்னிடம் இருப்பதைப் போல.

"ஃபேக்டரி கேட்டுக்கு இன்னும் அஞ்சு நிமிசம் நடக்கணும்," என்றாள். "உள்ள போனா ஃபோன வெளியிலயே லாக்கர்ல வைக்கணும், தீப்பொறி பயம். அதுவரைக்கும் வச்சிடாதீங்க. பேச வேணாம். சும்மா இருங்க."

நான் படிக்கட்டில் உட்கார்ந்து ஃபோனைக் காதில் அழுத்திக்கொண்டேன். உறைபனியின் மேல் அவளுடைய சப்பாத்துகள் நொறுக்கு நொறுக்கென்று போயின. ஓரிடத்தில் நின்றாள், சிக்னலாக இருக்கும், மறுபடி நடந்தாள். யாரோ ஒருவன் ஜெர்மன் மொழியில் ஏதோ சொன்னான், அவளும் ஏதோ சொன்னாள், காலை வணக்கமாக இருக்கும். கொழுந்துச் சாக்குகளோடு பெண்கள் மேட்டிலிருந்து இறங்கி வந்தார்கள். முன்னால் வந்த அம்மா என்னைப் பார்த்து வாயைத் திறந்தாள். நான் விரலை உதட்டில் வைத்தேன். அவள் பின்னால் வந்தவர்களைக் கையைக் காட்டி நிறுத்தினாள், சாக்கு முதுகிலேயே இருக்க, எல்லாரும் அப்படியே நின்றார்கள். ஓர் இரும்புக் கதவு இழுபடுகிற சத்தம் கேட்டது.

"வந்துட்டேன்பா," என்றாள். லைன் அறுந்தது.